நிலவறையில் ஒரு சென்டர் ஃபார்வர்டு

1981 பிப்ரவரி 23, திங்கட்கிழமை மாலை. மாட்ரிட் நாடாளுமன்றத்துக்குள் கைத்துப்பாக்கியோடு நுழைந்தார் லெப்டினன்ட் கர்னல் அந்தோனியோ தெஹேரோ. கூடவே ஆயுதம் தாங்கிய சிவில் காவல் படையினர். கூரையை நோக்கிச் சுட்டார்கள். உறுப்பினர்கள் இருக்கைகளுக்கு அடியில் பதுங்கினார்கள். சர்வாதிகாரி ஃபிராங்கோ இறந்து ஐந்தே ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. பிறந்த குழந்தையைப் போலிருந்த ஜனநாயகம் அந்த ஓர் இரவில் செத்துப்போகும் என்று பலர் நினைத்தார்கள். நள்ளிரவு தாண்டி மன்னர் ஹுவான் கார்லோஸ் தொலைக்காட்சியில் தோன்றி, அரசியல் சட்டத்தின் பக்கம் நிற்பதாக அறிவித்தார். மறுநாள் தெஹேரோ சரணடைந்தார்.

அதே பிப்ரவரியின் தொடக்கத்தில், பாஸ்க் நாட்டின் லெமோனிஸ் அணுமின் நிலையப் பொறியாளர் ஒருவரைக் கடத்தி வைத்திருந்த எட்டா என்ற பாஸ்க் தனிநாட்டு ஆயுத இயக்கம் அவரைக் கொன்றிருந்தது. ஆள் கடத்தல் என்ற சொல்லே மக்களின் வயிற்றைக் கலக்கிய காலம்.

நாடாளுமன்றக் கலகம் அடங்கி ஆறு நாள்கூட முழுதாக ஆகவில்லை. மார்ச் 1, ஞாயிற்றுக்கிழமை. காம்ப் நோ மைதானத்தில் எர்க்குலேஸ் அணியை 6-0 என்று புரட்டிப் போட்டது பார்சிலோனா. அதில் இரண்டு கோல்கள் 31 வயது சென்டர் ஃபார்வர்டு கீனியுடையவை. முழுப்பெயர் என்ரிக்கே காஸ்த்ரோ கொன்சாலெஸ். ஊருக்குப் போயிருந்த மனைவியும் பிள்ளைகளும் அன்றிரவு விமானத்தில் திரும்புவதாக இருந்தது. அவர்களை அழைத்துவரக் கிளம்பினார். விமானநிலையத்துக்கு அவர் போய்ச் சேரவில்லை. இரண்டு பேர் துப்பாக்கி முனையில் மடக்கி ஒரு வேனில் ஏற்றினார்கள். லீக்கில் அதிக கோல் அடித்துக்கொண்டிருந்த மனிதர் பார்சிலோனா நகரத்திலிருந்து மறைந்தார்.

இந்த மனிதரின் பெயரைத் தேடினால் இன்றும் முதலில் வருவது அந்தக் கடத்தல்தான். அது அவருக்கு இழைக்கப்படும் சின்ன அநியாயம். ஐந்து முறை ஸ்பெயின் முதல்நிலை லீக்கின் அதிக கோல் அடித்தவர் பட்டத்தை வென்றவரை, இருபத்தைந்து நாள் அடைபட்டுக் கிடந்ததற்காக மட்டும் நினைவில் வைத்திருக்கிறோம். நாமும் அங்கிருந்துதான் தொடங்கியிருக்கிறோம் என்பதால், கொஞ்சம் பின்னால் போய்விட்டு வரலாம்.

ஸ்பெயினின் வடக்கு ஓரத்தில், மலைக்கும் கந்தாப்ரியக் கடலுக்கும் நடுவே கிடக்கிறது ஆஸ்தூரியாஸ். நிலக்கரியும் எஃகும் மழையும்தான் அதன் அடையாளம். கீனி பிறந்தது அதன் தலைநகரான ஒவியேதோவில், 1949 செப்டம்பர் 23 அன்று. வளர்ந்தது அவிலேஸ் நகரை ஒட்டிய யரானெஸில். என்சிதேசா என்ற அரசு எஃகு ஆலை தன் தொழிலாளர்களுக்காகக் கட்டிய குடியிருப்பு அது. ஆலைக்கு ஒரு கால்பந்து அணியும் இருந்தது. கீனி பெரியவர்கள் ஆட்டத்துக்கு வந்தது அந்த அணி வழியாகத்தான். 1968இல் பக்கத்துத் துறைமுக நகரமான ஹிஹோனின் ஸ்போர்ட்டிங் கிளப் அவரை எடுத்துக்கொண்டது. அதே கிளப்பின் கோல் கம்பங்களுக்கு நடுவே அவருடைய தம்பி ஹெசூஸ் காஸ்த்ரோவும் வந்து நின்றார். ஒருவர் கோல் போட, ஒருவர் கோல் தடுக்க என்று ஒரே வீட்டிலிருந்து இரண்டு முனைக்கும் ஆள் கிடைத்த அதிர்ஷ்டம் அந்தக் கிளப்புக்கு.

அப்போது ஸ்போர்ட்டிங் இரண்டாம் நிலை லீக்கில் இருந்தது. 1970இல் கீனி அந்த லீக்கின் அதிக கோல்காரரானார். அணி மேலே ஏறியது. அதே ஆண்டு அக்டோபர் 28 அன்று கிரீஸுக்கு எதிராக ஸ்பெயின் சட்டையை முதன்முறை அணிந்தார். பாதி ஆட்டம்தான் ஆடினார். ஒரு கோல் போட்டுவிட்டார். அந்த ஆட்டம் நடந்த ஊர் சரகோசா. இந்த ஊரை நினைவில் வைத்திருங்கள்.

கோல் பெட்டிக்குள் உயரமாக வரும் பந்து அவருடைய சொத்து. தலையால் முட்டுவதில் கில்லாடி. அதைவிட, தரையைத் தொடாத பந்தை அந்தரத்திலேயே உதைப்பதில் அவருக்கு இணையானவர்கள் அந்தத் தலைமுறையில் குறைவு. ரசிகர்கள் வைத்த பட்டப்பெயர் மந்திரவாதி. ஹிஹோனின் எல் மோலினோன் மைதானத்தில் பந்து அவர் காலுக்குப் போனதும் மொத்தக் கூட்டமும் ‘இப்போது, கீனி, இப்போது!’ என்று ஒரே குரலில் கத்தும்.

ஸ்பெயினில் ஒவ்வொரு சீசனிலும் அதிக கோல் அடித்தவருக்கு ‘மார்கா’ விளையாட்டுப் பத்திரிகை தரும் விருதுக்குப் பிச்சிச்சி என்று பெயர். அத்லெத்திக் பில்பாவோ அணிக்கு ஆடி, 29 வயதில் இறந்துபோன ஒரு பழைய கோல்காரரின் செல்லப்பெயர் அது. 1974இல் கீனி அந்த விருதை முதன்முறை வாங்கினார். 1976இல் மறுபடி வாங்கியபோது ஒரு விசித்திரம் நடந்தது. லீக்கிலேயே அதிக கோல் அடித்தவர் இருந்த அணி, அந்த ஆண்டு இரண்டாம் நிலைக்கு இறங்கியது! முன்னால் ஒருவர் கோல் அடித்துக் குவிக்க, பின்னால் மற்றவர்கள் அதைவிட வேகமாக விட்டுக்கொடுத்திருக்கிறார்கள்.

வேறொருவராக இருந்தால் அந்தக் கோடையிலேயே பெட்டியைக் கட்டியிருப்பார். கீனி ஹிஹோனிலேயே இருந்தார், இரண்டாம் நிலையிலும் அதிக கோல் அடித்தார், 1977இல் அணியை மீண்டும் மேலே கொண்டுவந்தார். இதை ஊர்ப்பாசம் என்று மட்டும் எழுதிவிட்டுப் போவது சுலபம். ஆனால் அன்றைய ஸ்பெயினில், ஒப்பந்தம் முடிந்த பிறகும் கிளப் விரும்பினால் ஆட்டக்காரரைப் பிடித்து வைத்துக்கொள்ளலாம் என்றொரு விதி இருந்தது. அதை எதிர்த்து ஆட்டக்காரர்கள் 1978இல் சங்கம் தொடங்கி, மறு ஆண்டு வேலைநிறுத்தமும் செய்தார்கள். கீனி தங்கியதில் பாசம் எவ்வளவு, விதி எவ்வளவு என்று பிரித்துச் சொல்வது கடினம். பலன் ஊருக்குக் கிடைத்தது: 1979இல் ஸ்போர்ட்டிங் லீக்கில் இரண்டாம் இடம். ரியல் மாட்ரிட்டுக்கு அடுத்து, பார்சிலோனாவுக்கெல்லாம் மேலே. அந்தக் கிளப்பின் வரலாற்றில் அதைவிட உயரமான இடம் அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. அடுத்த சீசனில் 24 கோல்களுடன் கீனிக்கு மூன்றாவது பிச்சிச்சி.

1980 கோடையில் பார்சிலோனா அவரை வாங்கியது. முப்பது வயதைத் தாண்டிய ஸ்ட்ரைக்கருக்கு இவ்வளவு பணமா என்று முணுமுணுத்தவர்கள் இருந்தார்கள். அந்த முணுமுணுப்புக்கெல்லாம் கோல்களால் பதில் வந்துகொண்டிருந்தபோதுதான் மார்ச் 1 வந்தது.

கணவரைக் காணாமல் மனைவி மரியா நியேவெஸ் தேட, அன்றிரவே செய்தி பரவியது. யார் தூக்கியிருப்பார்கள்? எட்டாவா? கலகக்காரர்களின் ஆட்களா? கட்டலோனியாவின் அணி லீக்கை வெல்லக் கூடாது என்பதற்காகக் கடத்தியிருக்கிறோம் என்று பத்திரிகைக்குப் போன் வந்தது. அந்த வாரத்தில் இதை நம்பாமல் இருப்பதுதான் சிரமம். பிறகுதான் உண்மையான கேட்பு வந்தது: பத்து கோடி பெசெட்டா. பணம் ஒரு சுவிஸ் வங்கிக் கணக்கில் போடப்பட வேண்டும். இதில் கொள்கையும் இல்லை, கட்சியும் இல்லை என்பது அப்போது புலப்பட்டது.

அணி அடுத்து ஆட வேண்டியிருந்தது மாட்ரிட்டில், பட்டியலில் தனக்கு மேலே இருந்த அத்லெத்திக்கோ மாட்ரிட்டுடன். வென்றால் அவர்களை எட்டிப் பிடித்துவிடலாம். ஆட மனமில்லை என்று வெளிப்படையாகச் சொன்னார் ஜெர்மன் மிட்ஃபீல்டர் பெர்ன்ட் ஷுஸ்டர். ஆட்டத்தைத் தள்ளிவைக்கவில்லை. பார்சிலோனா 0-1 என்று தோற்றது. அடுத்து சலமாங்காவிடமும் தோற்றது. பயிற்சியாளராக இருந்தவர் சாதாரண ஆள் இல்லை, இன்டர் மிலானுக்கு ஐரோப்பியக் கோப்பைகளை வாங்கித் தந்த எலேனியோ எரேரா. ஆட்டக்காரர்களின் மனநிலையைத் திருகி ஏற்றுவதில் பேர்போன அவராலும் இந்த அணியைத் தூக்கி நிறுத்த முடியவில்லை.

சுவிஸ் அதிகாரிகள் வங்கி ரகசியத்தைக் கொஞ்சம் விலக்கினார்கள். ஜெனீவாவில் கணக்கிலிருந்து பணம் எடுக்க வந்தவன் பிடிபட்டான். அவனிடமிருந்து கிடைத்த தகவலோடு ஸ்பெயின் போலீஸ் போய் நின்ற இடம், சரகோசாவில் ஒரு வாகனப் பட்டறை. அதன் அடியில் ஒரு நிலவறை. மார்ச் 25 அன்று உள்ளேயிருந்து தாடி வளர்ந்த, இளைத்த ஒரு மனிதர் வெளியே வந்தார். ஸ்பெயினுக்காக முதல் கோல் அடித்த அதே ஊரில், மண்ணுக்கு அடியில் 25 நாள் இருந்திருக்கிறார் கீனி.

கடத்தியவர்கள் மூன்று பேர். தொழில்முறைக் குற்றவாளிகளும் இல்லை, இயக்கத்துக்காரர்களும் இல்லை. வேலையில்லாமல், பணமுடையில் இருந்த சாதாரண ஆட்கள்.

அன்றிரவு இங்கிலாந்துக்கு எதிராக வெம்ப்ளியில் ஆடியது ஸ்பெயின். 2-1 என்று வென்றது. வெம்ப்ளியில் ஆங்கிலேயரைத் தோற்கடிப்பது அக்காலத்தில் லேசான காரியமில்லை. ஆனால் அந்த இரவில் ஸ்பெயினுக்கு இது இரண்டாவது செய்திதான். ஸ்பெயினின் இரண்டாவது கோலைப் போட்டவர் ரியல் சோசியதாத் அணியின் ஹெசூஸ் மரியா சமோரா. அவரை ஒரு மாதம் கழித்து மறுபடி சந்திப்போம்.

கீனி திரும்பி வந்தார், ஆடவும் தொடங்கினார். ஆனால் லீக் கைவிட்டுப் போயிருந்தது. ரியல் மாட்ரிட்டிடமும் மூன்று கோல் வாங்கித் தோற்றது அணி. சீசன் முடிந்தபோது பார்சிலோனா ஐந்தாவது. முதலிடத்துக்கும் அதற்கும் நடுவே இருந்த வித்தியாசம் நான்கே புள்ளிகள். வெற்றிக்கு இரண்டு புள்ளி என்ற கணக்கில் அது இரண்டு ஆட்டம். அவர் அடைபட்டிருந்தபோது தோற்ற ஆட்டங்களும் இரண்டு. கீனி இருந்திருந்தால் பார்சிலோனா அந்த லீக்கை வென்றிருக்கும் என்று கட்டலோனியாவில் சத்தியம் செய்பவர்கள் உண்டு. நிரூபிக்க முடியாத வாதம், மறுக்கவும் முடியாதது.

லீக்கின் கடைசி நாள், ஏப்ரல் 26. ரியல் சோசியதாத்துக்கு ஒரு டிரா போதும். ஆடும் இடம் ஹிஹோன், கீனியின் பழைய மைதானம். ஸ்போர்ட்டிங் 2-1 என்று முன்னிலையில் இருந்தது. வயதோலிதில் தங்கள் ஆட்டம் முடிந்து, பட்டம் நமக்கே என்று ரியல் மாட்ரிட்காரர்கள் கொண்டாடத் தொடங்கிவிட்டார்கள். எல் மோலினோன் மழைச் சகதியில், கடைசி நொடிகளில், சமோரா ஒரு கோல் போட்டார். 2-2. அந்த பாஸ்க் அணிக்கு அதன் வரலாற்றில் முதல் லீக் பட்டம். வரலாறு சில சமயம் பாத்திரங்களை ரொம்பச் சிக்கனமாகவே பயன்படுத்துகிறது.

இத்தனைக்கும் நடுவில், நிலவறையில் கழித்த வாரங்களையும் சேர்த்து, அந்த சீசனில் 20 கோல்களுடன் பிச்சிச்சி வாங்கியவர் கீனிதான். ஜூன் 18 அன்று மன்னர் கோப்பை இறுதியாட்டம். எதிரே நின்றது ஸ்போர்ட்டிங் ஹிஹோன்! தான் வளர்ந்த கிளப், தம்பியின் கிளப். பார்சிலோனா 3-1 என்று வென்றது. அதில் இரண்டு கோல் கீனியுடையவை. ஹிஹோன்காரர்கள் இதற்காக அவரை வெறுக்கவில்லை என்பதைச் சொல்லியாக வேண்டும். கால்பந்து ரசிகர்களிடம் இது அரிய குணம்.

1982இல் ஐந்தாவது பிச்சிச்சி. அதே ஆண்டு மே 12 அன்று, சொந்த மைதானத்திலேயே நடந்த ஐரோப்பியக் கோப்பை வென்றவர்கள் கோப்பையின் இறுதியில் பெல்ஜியத்தின் ஸ்டாண்டர்டு லீஜை 2-1 என்று வீழ்த்தியது பார்சிலோனா. முதலில் கோல் வாங்கி, டென்மார்க்கின் ஆலன் சிமோன்சன் சமன் செய்ய, வெற்றி கோலைப் போட்டவர் கீனி. எதிரணி சுதாரிப்பதற்குள் சட்டென்று எடுத்த ஃப்ரீ கிக்கிலிருந்து வந்தது அது. பெல்ஜியக்காரர்கள் அதற்காக வெகுநேரம் கொதித்தார்கள்.

தேசிய அணியில் மட்டும் கதை வேறு. 1978, 1982 உலகக் கோப்பைகளுக்கும் 1980 ஐரோப்பிய சாம்பியன்ஷிப்புக்கும் போனார். மொத்தம் 35 ஆட்டம், 8 கோல். லீக்கில் 219 கோல் அடித்தவருக்கு இது மிகச் சொற்பம். சொந்த நாட்டில் நடந்த 1982 உலகக் கோப்பையில் ஸ்பெயின் தடுமாறி வெளியேறியது, கீனிக்கு அதில் பெரிய பங்கு இல்லை. அவருடைய எல் மோலினோன் மைதானமும் அந்தப் போட்டியில் கெட்ட பெயர் வாங்கியது. அல்ஜீரியாவை வெளியேற்றும் விதமாக மேற்கு ஜெர்மனியும் ஆஸ்திரியாவும் பந்தை உருட்டிப் பொழுது போக்கிய ஆட்டம் அங்கேதான் நடந்தது.

மரடோனா வந்த பிறகு பார்சிலோனாவில் வாய்ப்புகள் குறைந்தன. 1984இல் ஹிஹோனுக்குத் திரும்பி, 1987வரை ஆடிவிட்டு 37 வயதில் ஓய்ந்தார்.

கடத்தியவர்களுக்குப் பத்தாண்டுச் சிறை கிடைத்தது. கீனிக்கு ஐம்பது லட்சம் பெசெட்டா நஷ்டஈடு தர வேண்டும் என்றும் தீர்ப்பு. அந்தப் பணத்தை அவர் கேட்டு வாங்கவே இல்லை. அவர்களை மன்னித்துவிட்டதாகச் சொன்னார். தன்னை மோசமாக நடத்தவில்லை என்பது அவர் வாதம். பிணைக்கைதியின் மனம் கடத்தியவன் பக்கம் சாய்வது என்று மனநூல் பேசியவர்கள் இருந்தார்கள். கீனியைப் பழகி அறிந்தவர்களுக்கு அந்த விளக்கம் தேவைப்படவில்லை.

அவருக்கு நேர்ந்த பெரிய இழப்பு நிலவறையில் நேர்ந்தது இல்லை. 1993 ஜூலை 26 அன்று கந்தாப்ரியாவின் பெச்சோன் கடற்கரையில், அலையில் சிக்கிய பிரிட்டிஷ் குடும்பம் ஒன்றைக் காப்பாற்றக் கடலில் குதித்தார் தம்பி ஹெசூஸ். அவர்கள் பிழைத்தார்கள், முன்னாள் கோல் கீப்பர் கரை திரும்பவில்லை.

பின்னாளில் புற்றுநோயையும் எதிர்த்து நின்ற கீனி, கிளப்பின் பிரதிநிதியாக ஸ்போர்ட்டிங் அணியோடு ஊர் ஊராகப் போய்க்கொண்டிருந்தார். 2018 பிப்ரவரி 27 அன்று ஹிஹோனில், வீட்டுக்குப் பக்கத்துத் தெருவில் மாரடைப்பு வந்து விழுந்தார். வயது 68. இறுதி அஞ்சலியை எந்தத் தேவாலயத்திலும் வைக்க முடியாது என்பது அன்றே தெரிந்துபோனது. எல் மோலினோனில்தான் வைத்தார்கள், ஆயிரக்கணக்கில் வந்தார்கள். நகராட்சியும் கிளப்பும் பேசி முடிவெடுக்க அதிக நாள் ஆகவில்லை. ஒரு நூற்றாண்டுக்கும் மேலாக அந்த மைதானத்துக்கு இருந்த பெயரோடு இன்னொரு பெயர் ஒட்டிக்கொண்டது: எல் மோலினோன் - என்ரிக்கே காஸ்த்ரோ ‘கீனி’.

(தொடரும்)