லுட்விக்கின் விண்மீன்

லுட்விக்கின் விண்மீன் என்பது பெருங்கரடி விண்மீன் குழுவில் உள்ள மங்கலான, வெண்ணிற விண்மீன் ஆகும். வானியல் பட்டியல்களில் இது எச்டி 116798 எனக் குறிக்கப்படுகிறது. தோற்றப் பொலிவெண் ஏறத்தாழ 7.6. வெறுங்கண்ணால் காணக்கூடிய எல்லை ஏறத்தாழ 6 என்பதால் இதைக் காண இருகண் நோக்கியாவது தேவை. வானில் இது இருக்கும் இடம் மட்டும் தமிழர்களுக்கு நன்கு தெரிந்ததே. திருமணச் சடங்கில் மணமக்களுக்குக் காட்டப்படும் அருந்ததிக்கும் (ஆல்கோர்) அதன் அருகிலுள்ள வசிட்டருக்கும் (மிசார்) இடையே, அவற்றை இணைக்கும் கோட்டிலிருந்து சற்று விலகி இது அமைந்துள்ளது. பதினெட்டாம் நூற்றாண்டில் ஒருவர் இதைக் கோள் என்று அறிவித்ததால்தான் இதற்குத் தனிப்பெயர் கிடைத்தது.

கலிலியோவின் முயற்சி

இப்பகுதியில் நகர்வைத் தேடியவர்களில் கலிலியோ முந்தியவர். 1617-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அவருடைய மாணவர் பெனடெட்டோ காஸ்டெல்லி, மிசாரைத் தொலைநோக்கியால் பார்க்குமாறு அவருக்குக் கடிதம் எழுதினார். கலிலியோ பார்த்தபோது மிசார் இரண்டு விண்மீன்களாகப் பிரிந்து தெரிந்தது. இடைவெளியை 15 வில்விநாடி என அளந்தார். இன்றைய அளவு 14 வில்விநாடிக்குச் சற்று மேல். அக்காலக் கருவியைக் கொண்டு இவ்வளவு நெருங்கியது வியப்புக்குரியது.

அவருடைய நோக்கம் வேறு. பொலிவான விண்மீன் அருகிலும் மங்கலானது தொலைவிலும் இருந்தால், பூமி சூரியனைச் சுற்றும்போது இரண்டுக்கும் இடையிலான தூரம் மாறித் தெரிய வேண்டும். அப்படித் தெரிந்தால் கோப்பர்னிக்கசின் கொள்கைக்கு நேரடிச் சான்று கிடைத்துவிடும். அத்தகைய மாற்றம் தென்படவில்லை. கலிலியோ இந்த அளவீட்டை வெளியிடவே இல்லை. மிசாரை இரட்டை எனக் கண்டவர் என்ற பெயர் நெடுங்காலம் ரிச்சியோலிக்கே இருந்தது.

1722: ஒரு "புதிய கோள்"

யோகான் கியார்க் லீப்னெக்ட் செருமனியின் கீசன் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவர்; கணிதமும் இறையியலும் அவருடைய துறைகள். 1722 டிசம்பர் 2 இரவில் மிசாருக்கும் ஆல்கோருக்கும் இடையே ஒரு மங்கலான ஒளிப்புள்ளியைக் கண்டார். அது அண்டை விண்மீன்களைச் சார்ந்து இடம் மாறுவதாகக் கருதி, புதிய கோள் என முடிவு செய்தார். தம் நாடான ஹெஸ்ஸே-டார்ம்ஸ்டாட்டின் ஆட்சியாளர் பெயரால் அதற்கு "சைடஸ் லுடோவிசியானா", அதாவது லுட்விக்கின் விண்மீன், என்று பெயர் சூட்டினார்.

ஆட்சியாளரின் பெயரை வானில் ஏற்றுவது அன்று புதிதன்று. வியாழனின் துணைக்கோள்களை கலிலியோ மெடிசி குடும்பத்துக்கு உரித்தாக்கினார். தாம் கண்ட சனியின் துணைக்கோள்களை காசினி பதினான்காம் லூயிக்கு உரித்தாக்கினார். ஆனால் அவர்கள் கண்டவை உண்மையிலேயே நகர்ந்தன.

லீப்னெக்ட் கண்டதைக் கோள் என்று கொள்ளப் பெரிய தடை ஒன்று இருந்தது. அன்று அறியப்பட்டிருந்த கோள்கள் அனைத்தும் சூரியன் செல்லும் பாதையை ஒட்டியே வலம் வருபவை. மிசாரோ அப்பாதையிலிருந்து ஏறத்தாழ 56 பாகை வடக்கே உள்ளது. மேலும், கோளாக இருந்தால் அது அந்த இடத்தில் நெடுநாள் தங்கியிருக்க முடியாது. தொலைவிலுள்ள யுரேனசுகூட ஆண்டுக்கு ஏறத்தாழ 4 பாகை நகரும். மிசாருக்கும் ஆல்கோருக்கும் இடையிலான 12 வில்நிமிட தூரத்தைச் சில வாரங்களில் கடந்துவிடும். லுட்விக்கின் விண்மீனோ, பின்னர் பார்த்தவர்களுக்கெல்லாம் அதே இடத்திலேயே தெரிந்தது. சிறு கருவியில், மங்கலான புள்ளியின் நிலையைக் கண்ணால் மதிப்பிடும்போது பிழை நேர்வது இயல்பு. அந்தப் பிழையை நகர்வாக எடுத்துக்கொண்டதும், வேறு இடங்களில் உள்ளோர் சரிபார்க்கும் வரை காத்திராமல் பெயர் சூட்டியதுமே அவரது குறை. 1781-இல் வில்லியம் ஹெர்செல் யுரேனசைக் கண்டபோது அதை வால்மீன் என்றே அறிவித்தார். பிறர் அதன் பாதையைக் கணக்கிட்ட பிறகே அது கோள் என்று தெளிவாயிற்று.

இயல்புகள்

நிறமாலையின்படி இது ஏ வகையைச் சேர்ந்த முதன்மை வரிசை விண்மீன். அதாவது, மையத்தில் ஐதரசன் ஈலியமாக மாறுவதால் ஒளிர்வது. இவ்வகை விண்மீன்களின் மேற்பரப்பு வெப்பநிலை ஏறத்தாழ 7,500 முதல் 10,000 கெல்வின் வரை இருப்பதால் அவை வெண்மையாகத் தெரிகின்றன. மிசாரும் ஆல்கோரும் இதே வகையினவே. அப்படியானால் இது மட்டும் ஏன் மங்கலாக உள்ளது? தொலைவே முக்கியக் காரணம். மிசாரும் ஆல்கோரும் ஏறத்தாழ 80 ஒளியாண்டுத் தொலைவில் இருக்க, இது 300 ஒளியாண்டுகளுக்கும் அப்பால் உள்ளது. தொலைவு நான்கு மடங்கானால் ஒளி பதினாறில் ஒரு பங்காகக் குறையும். மிசார் இருக்கும் தொலைவில் இதை வைத்தால், அருந்ததியை ஒத்த பொலிவுடன் வெறுங்கண்ணுக்கே தெரியும். விண்மீன்களின் தொலைவு முதன்முதலாக அளக்கப்பட்டதே 1838-இல்தான் என்பதால், லீப்னெக்ட் இதை அறிந்திருக்க வழியில்லை.

மிசாரும் ஆல்கோரும் பெருங்கரடியின் வேறு சில விண்மீன்களோடு ஒரே திசையில் பயணிக்கும் கூட்டத்தைச் சேர்ந்தவை. லுட்விக்கின் விண்மீன் அக்கூட்டத்தில் இல்லை. பின்னணியில் தற்செயலாக அமைந்தது. மிசார் வானில் ஆண்டுக்கு 0.12 வில்விநாடி நகர்கிறது. லீப்னெக்ட் பார்த்த இரவிலிருந்து இன்றுவரை அது ஏறத்தாழ 36 வில்விநாடி இடம் மாறியுள்ளது. அவர் நிலையான அடையாளமாக வைத்து அளந்த விண்மீன்தான் உண்மையில் நகர்ந்துகொண்டிருந்தது. அந்த நகர்வு ஒரு சில இரவுகளில் அவர் கருவிக்குத் தெரியாத அளவு சிறியது.