குணசேகரனுக்கு முன்னாடி முப்பது வருசம்

தேனி மாவட்டத்துல இருந்து போய் சினிமாவுல கொடி நாட்டினவங்க யாருன்னு கேட்டா, இளையராஜா, பாரதிராஜா, வைரமுத்துன்னு கடகடன்னு ஒப்பிப்போம். ஓடைப்பட்டிக்காரனான எனக்கும் அது மனப்பாடம். வருசநாட்டுப் பக்கம் பசுமலைத்தேரியில இருந்து போன ஜி.மாரிமுத்து இந்த வரிசையில சேர்ந்தது ரொம்ப லேட்டு. முப்பது வருசம் லேட்டு!

1990ல சினிமா இயக்குனர் ஆகணும்னு சென்னைக்குப் போனவர். முதல்ல ஓட்டல்ல சர்வர் வேலை. அப்புறம் வைரமுத்துகிட்ட உதவியாளர். 'அரண்மனைக்கிளி' (1993), 'எல்லாமே என் ராசாதான்' (1995) படங்கள்ல ராஜ்கிரணுக்கு உதவி இயக்குனர். பிறகு மணிரத்னம், வசந்த், சீமான், எஸ்.ஜே.சூர்யான்னு ஒரு பெரிய சுத்து. சொந்தமா இயக்கின 'கண்ணும் கண்ணும்' வந்தது 2008ல. கணக்குப் போட்டுப் பாருங்க, பதினெட்டு வருசம். அடுத்த படம் 'புலிவால்' 2014ல. இயக்கம் அதோட சரி.

நடுவுல 2011ல மிஷ்கின் 'யுத்தம் செய்' படத்துல அவரை போலீஸ் அதிகாரியா நடிக்க வச்சார். அதுக்கப்புறம் அப்பா, போலீஸ், ஊர்ப் பெரிய மனுசன்னு நிறைய சின்னச் சின்ன வேசங்கள். முகம் தெரியும், பேரு தெரியாதுங்கற வகை.

இதுல மறக்கக்கூடாதது மாரி செல்வராஜோட 'பரியேறும் பெருமாள்' (2018). நாயகியோட அப்பா. நடக்கறது அநியாயம்னு அவருக்குத் தெரியும், ஆனா சொந்தக்காரனுங்களை எதிர்க்கத் துணிச்சல் இல்லை. அந்தக் குற்ற உணர்ச்சியைக் கண்ணுலயே வச்சிருப்பார்.

2022 பிப்ரவரியில சன் டிவியில திருச்செல்வம் இயக்கத்துல 'எதிர்நீச்சல்' சீரியல் ஆரம்பிச்சது. அதுல ஆதிமுத்து குணசேகரன் இதுக்கு நேர் எதிர். படிச்ச பொண்ணுங்களை மருமகளாக் கொண்டுவந்து அடுப்படியில அடைக்கிற ஆளு. தான் செய்யறது தப்புன்னு ஒரு நொடிகூட நினைக்கமாட்டார். வழக்கமான சீரியல் வில்லன் மாதிரி புருவத்தைத் தூக்கி முறைக்கற வேலையெல்லாம் கிடையாது. எங்க ஊர்க் கல்யாண வீட்டுல முன்வரிசையில உக்காந்து அதிகாரம் பண்ற பெரியப்பா மாதிரி "இந்தாம்மா ஏய்"னு ஒரு அதட்டல், அவ்வளவுதான். அந்தப் பேச்சு எங்க மண்ணுலயே கேட்டு வளர்ந்த பேச்சு. அதனாலதான் திட்டிக்கிட்டே ரசிச்சாங்க. அந்த மாதிரி ஆம்பளைங்க இருக்கற வீடுகள்லயும் அந்த சீரியல் ஓடிச்சுங்கறதை யோசிச்சுப் பாருங்க.

2023 ஆகஸ்ட்ல ரஜினியோட 'ஜெயிலர்' வந்தது, அதுலயும் இருந்தார். அடுத்த மாசம், செப்டம்பர் 8ஆம் தேதி, 'எதிர்நீச்சல்' டப்பிங்ல இருக்கும்போது நெஞ்சுவலி வந்து இறந்துட்டார். அறுபதைக்கூடத் தொடலை. பசுமலைத்தேரிக்கே கொண்டுபோய் இறுதிச் சடங்கு பண்ணினாங்க. குணசேகரனா அப்புறம் வேல ராமமூர்த்தி வந்தார்.

சினிமாவுல முப்பது வருசம் உழைச்சு கிடைக்காத பேரு, சீரியல்ல பத்தொன்பது மாசத்துல கிடைச்சது. சீரியல்னாலே இளக்காரமாப் பேசற நம்ம ஆளுங்க (நானும்தான்) இதைக் கொஞ்சம் யோசிக்கலாம். குணசேகரனைத் தெரிஞ்ச அளவுக்கு, அந்தப் பதினெட்டு வருசம் உதவி இயக்குனரா அலைஞ்ச மாரிமுத்துவையும் தெரிஞ்சுக்கணும்னுதான் இதை எழுதினேன்.