அலுமாரிக்குள் ஓர் ஊர்ச் சரித்திரம்



கெல்சென்கிர்ச்சன் எப்படிப் பெரிய நகரமானது என்று இங்கே பிறந்த பிள்ளையிடம் கேட்டுப் பாருங்கள். நிலக்கரி என்று உடனே பதில் வரும். 1855ஆம் ஆண்டில் முல்வனி என்ற அயர்லாந்துக்காரர் இங்கே சுரங்கம் தோண்டத் தொடங்கி, தன் தாய்நாட்டின் பழைய இலத்தீன் பெயரான 'ஹிபேர்னியா'வை அதற்குச் சூட்டினார். வந்தேறி ஒருவரின் கதைதான் இந்த நகரத்தின் கதையும். அதைச் சேர்த்து வைக்க நகரசபைக்கு ஒரு வரலாற்று நிறுவனமே உண்டு. சரி, அதே பிள்ளை "அம்மம்மாவின் ஊர் எப்படி உண்டானது?" என்று கேட்டால் நாம் எந்தப் புத்தகத்தை எடுத்துக் கொடுப்போம்?

புத்தகம் இல்லாமல் இல்லை. ஒல்லாந்த மதகுரு பல்தேயு யாழ்ப்பாணத்தில் இருந்துவிட்டுப் போய் எழுதிய நூல் 1672இல் வெளிவந்தது. தெல்லிப்பழை, மல்லாகம், அச்சுவேலி, சாவகச்சேரிக் கோவிற்பற்றுகளைப் படங்களோடு காட்டுகிறது. அதே ஆண்டில் ஜெர்மன் மொழியிலும் அச்சாகியது! நமது ஊர்ப் பெயர்களை இந்த நாட்டவர்கள் 350 வருடங்களுக்கு முன்பே வாசித்திருக்கிறார்கள்.

நம்மவர் எழுதியதில் முதலில் நினைவுக்கு வருவது மாதகல் மயில்வாகனப் புலவரின் 'யாழ்ப்பாண வைபவமாலை'. 1736 அளவில், ஒல்லாந்த அதிகாரி ஒருவர் கேட்டுக்கொண்டதால் எழுதப்பட்டது. கைலாயமாலை, வையாபாடல் போன்ற பழைய நூல்களையும் செவிவழிக் கதைகளையும் புலவர் சேர்த்துக் கோத்தார். அதில் ஒரு பெரிய குழப்பம் உண்டு. 1544இல் மன்னாரில் கிறிஸ்தவர்களைக் கொன்ற சங்கிலியும், 1619இல் போர்த்துக்கேயரிடம் அரசை இழந்த சங்கிலியும் அங்கே ஒரே ஆளாகிவிட்டார்கள். பேரனுக்குப் பாட்டன் பெயர் வைக்கும் நமது வீடுகளிலும் இப்படித்தானே நடக்கிறது. முத்துத்தம்பிப்பிள்ளை 1912இலும், முதலியார் இராசநாயகம் 1926இலும், சுவாமி ஞானப்பிரகாசர் 1928இலும் தத்தம் சரித்திரங்களை எழுதினார்கள். ஒருவரை ஒருவர் மறுத்தும் எழுதினார்கள். அந்தச் சண்டையால் நமக்கு இலாபம்தான்.

ஆனால் இவையெல்லாம் அரசர் கதை. குளம் வெட்டியது யார், பள்ளிக்கூடத்துக்குக் காணி கொடுத்தது யார் என்பதை இவற்றில் தேடக் கூடாது. அது இன்னோர் இடத்தில் இருக்கிறது. 31ஆம் நாள் வீட்டுக்கிருத்தியத்தில் கையில் தரும் நினைவு மலர், நாம் 'கல்வெட்டு' என்று சொல்வோமே, அதில். தேவாரம், திதி வெண்பா தாண்டி நடுப்பக்கத்துக்குப் போனால் வம்சாவழி, பிறந்த குறிச்சி, படித்த பள்ளி, செய்த தொழில், கட்டிய கோயில் மண்டபம் எல்லாம் வரும். இறந்தவர் எல்லோரும் கொடைவள்ளல்களாகவே இருப்பார்கள், அதைக் கழித்துவிட்டு வாசிக்க வேண்டும். பெயரும் ஆண்டும் பெரும்பாலும் பொய் சொல்லாது.

1981 ஜூன் முதலாந்திகதி விடியும்போது யாழ்ப்பாண நூலகத்தில் ஏறத்தாழ 97,000 நூல்கள் எரிந்துகொண்டிருந்தன. வைபவமாலை பிழைத்தது, அச்சுப் பிரதிகள் வேறு வேறு இடங்களில் இருந்தபடியால். 1990இல் மயிலிட்டிச் சனம் இடம்பெயர்ந்தது. துறைமுகம் 2017இல்தான் திரும்பக் கிடைத்தது. இடைப்பட்ட 27 வருடங்களில் அந்த ஊரவர்கள் கொழும்பிலும் இலண்டனிலும் பாரிசிலும் காலமானார்கள். அவர்களுக்காக அச்சடித்த மலர்களில்தான் அந்த ஊரின் ஒழுங்கைகளும் வாடிகளும் எழுத்தில் இருக்கின்றன.

'நூலகம்' என்ற எண்ணிமத் திட்டத்தை 2005இல் தன்னார்வலர்கள் தொடங்கினார்கள். பெரிய நூல்களோடு நினைவு மலர்களையும் அவர்கள் இணையத்தில் ஏற்றி வைக்கிறார்கள். உங்கள் அலுமாரியில் உள்ளதை ஸ்கேன் செய்து கொடுக்கலாம். கொடுக்குமுன் குடும்பத்தாரிடம் ஒரு வார்த்தை கேளுங்கள். பின்னட்டையில் உயிரோடு இருப்பவர்களின் விலாசமும் தொலைபேசி இலக்கமும் இருக்கும், அதை மறைத்துவிடுங்கள். படங்களில் நிற்பவர் யார் யார் என்று பெரியவர்களிடம் இப்போதே கேட்டு எழுதுங்கள்.

என்னிடம் ஒரு மாமாவின் மலர் இருக்கிறது. கோயில் கேணி பற்றிய வரிக்குப் பக்கத்தில் என் தாயார் பென்சிலால் எழுதி வைத்திருக்கிறா: "பிழை. வெட்டுவித்தது இவர் இல்லை, இவருடைய பேத்தியார்."