மத்தி பெல்லோன்பா: அழ மறுத்த முகம்

பின்லாந்து நடிகர் மத்தி பெல்லோன்பாவைப் பற்றி எழுதுகிறவர்கள் தொங்குமீசையையும் சலனமற்ற முகத்தையும் சொல்லி முடித்துக்கொள்கிறார்கள். பின்லாந்துக்காரன் அப்படித்தான், பேசமாட்டான், சிரிக்கமாட்டான் என்று அதை ஒரு 'தேசியக் குணம்' ஆக்கிவிட்டால் விமர்சகனுக்கு வேலை மிச்சம். அந்த முகத்துக்கு ஒரு வர்க்கம் உண்டு என்ற விஷயம் இதில் அடிபட்டுப் போகிறது.

1951இல் ஹெல்சிங்கியில் பிறந்தவர். 1977இல் நாடகக் கல்வியை முடித்தார். இயக்குநர் அகி கௌரிஸ்மாகியின் 'சொர்க்கத்தில் நிழல்கள்' (1986) படத்தில் குப்பை லாரி ஓட்டும் நிக்கான்டராக வருகிறார். கூட வேலைபார்க்கும் மூத்தவர், நாமே சொந்தமாகக் கம்பெனி தொடங்கலாம் என்று ஆசை காட்டுகிறார். கொஞ்ச நேரத்தில் செத்தும் போகிறார். பிறகு நிக்கான்டர், சூப்பர் மார்க்கெட்டில் காசு வாங்கிப்போடும் இளோனாவைப் பெரிய ஓட்டலுக்குக் கூட்டிப்போகிறான். உள்ளே இடமில்லை என்று திருப்பி அனுப்புகிறார்கள். நடுத்தர வர்க்க சினிமா உழைப்பாளிக்கு இரண்டு வாசல்களைத்தான் திறந்து வைத்திருக்கிறது: அழ வேண்டும், இல்லை முஷ்டியை உயர்த்த வேண்டும். பெல்லோன்பா இரண்டையும் செய்வதில்லை. நாம் இரக்கப்பட்டுவிட்டு நிம்மதியாக வீட்டுக்குப் போகிற வசதியை அவர் தருவதில்லை.

இதை வேறொருவர் சரியாகப் புரிந்துகொண்டார். ஜிம் ஜார்முஷின் 'பூமியில் இரவு' (1991) படத்தின் கடைசிக் கதை ஹெல்சிங்கியில் நடக்கிறது. விடியப்போகிற நேரம், பனி. டாக்சியில் மூன்று குடிகாரர்கள். ஒருவனுக்கு அன்றுதான் வேலை போயிருக்கிறது. போதையில் நினைவிழந்து கிடக்கிறான். அவனுடைய கஷ்டங்களை மற்ற இருவரும் அடுக்குகிறார்கள். டிரைவர் மிகாவான பெல்லோன்பா, அது ஒரு கஷ்டமா என்கிற மாதிரி, குறைமாதத்தில் பிறந்த தன் மகளைப் பற்றிச் சொல்கிறார். பிழைக்காது என்று டாக்டர்கள் சொல்லிவிட்டதால் அவள்மேல் அன்பு வைக்கக்கூடாதென்று முடிவு செய்கிறார். பிறகு மனம் மாறி அன்பு வைக்க முடிவெடுக்கிறபோது குழந்தை போய்விடுகிறது. கேட்பவர்கள் தேம்பி அழுகிறார்கள். சொல்பவர் அழவில்லை. துக்கத்திலும் போட்டியா என்று நமக்குச் சிரிப்பு வருகிறது, சிரித்ததற்காகக் கூச்சமும் வருகிறது. இருபது சொச்சம் நிமிஷக் கதை. அவருடைய ஆகச்சிறந்த நடிப்பு இதுதான் என்பேன். பரிசு கிடைத்தது 'பொஹீமிய வாழ்க்கை'யின் (1992) அல்பேனிய ஓவியனுக்கு: ஐரோப்பாவின் சிறந்த நடிகர். 'லெனின்கிராட் கௌபாய்ஸ்' (1989) வெறும் கூத்து, விட்டுவிடலாம்.

இதற்குள் சோவியத் வர்த்தகம் சரிந்து, வங்கிகள் நொடித்து, பின்லாந்தில் 1990இல் நூற்றுக்கு 3 பேர் அளவில் இருந்த வேலையின்மை 1994இல் 16ஐத் தாண்டியது. அந்தக் காலத்தைப் பற்றி கௌரிஸ்மாகி எடுத்த படம் 'மிதக்கும் மேகங்கள்' (1996). கணவன் டிராம் ஓட்டுநர். யாரை வேலையைவிட்டு நிறுத்துவது என்று சீட்டு இழுத்துத் தீர்மானிக்கிறார்கள், அவன் தோற்கிறான். மனைவி வேலைபார்த்த உணவகமும் கைமாறுகிறது. உணவகத் தலைமைப் பணியாளர் பாத்திரம் முதலில் பெல்லோன்பாவுக்காக எழுதப்பட்டது. 1995 ஜூலையில், 44 வயதில், மாரடைப்பில் அவர் இறந்துபோக, அது கதி ஔதினன் ஏற்ற பெண் பாத்திரமாக மாறியது. தம்பதியின் இறந்துபோன குழந்தை என்று படத்தில் காட்டப்படும் புகைப்படம், சிறுவயதுப் பெல்லோன்பாவுடையது.