விளையாட்டுப் பூட்டுடைப்புக் குழுக்கள்

கணினி விளையாட்டுகளைப் பிரதியெடுக்க இயலாதபடி வெளியீட்டாளர் அமைத்த காப்பை உடைத்து, பெரும்பாலும் பணத்தைக் கருதாமல் கீர்த்தியையே கருதி அவற்றைப் பரப்பிவந்த இரகசியக் கூட்டங்கள் 'கிராக்கிங் குழுக்கள்' எனப்படும். தம் உலகத்தை அவர்கள் 'சீன்' என்று அழைத்தனர்.

அமெரிக்காவில் ஆப்பிள் 2 கணினியைச் சுற்றி இவ்வழக்கம் முளைவிட்டதாயினும், 1982இல் வெளிவந்த கமடோர் 64 ஐரோப்பிய இல்லங்களில் புகுந்த பின்னரே அது பூரண உருப்பெற்றது. 1985இல் நார்வேயில் ரேசர் 1911, 1986இல் சுவீடனில் டிரையாட், 1987இல் அந்நாட்டிலேயே ஃபேர்லைட் என அடுத்தடுத்துத் தோன்றிய குழுக்களில் பள்ளி மாணவரே மிகுந்திருந்தனர். ஒவ்வொருவருக்கும் ஒரு புனைபெயரும் ஒரு தொழிலும் உண்டு. கடைக்கு வருமுன்பே விளையாட்டைத் தேடிக் கொணர்பவன் ஒருவன். வட்டில் வேண்டுமென்றே பதிக்கப்பட்ட பிழைகளைச் சோதிக்கும் கட்டளைகளை இயந்திர மொழியில் துருவிக் கண்டு நீக்கும் கிராக்கர் மற்றொருவன். வட்டுகளை அஞ்சலில் அனுப்பும் 'சுவாப்பர்' வேறொருவன். இச்சுவாப்பர்கள், முத்திரையைக் கழுவிவிட்டு மீண்டும் ஒட்டும்பொருட்டு, அஞ்சல் தலைகளின்மேல் பசை பூசி அனுப்பியதும், தலைகளைத் திருப்பி அனுப்புமாறு நண்பரைக் கடிதத்தில் கேட்டுக்கொண்டதும் இவ்வரலாற்றின் சுவையான உபகதை.

உடைத்த விளையாட்டின் முகப்பில் குழு தன் பெயரை ஒளிரவிட்டு, இசையோடு ஓடும் எழுத்துகளில் தோழருக்கு வாழ்த்தும் பகைவருக்கு வசையும் கூறும் 'இன்ட்ரோ'வே இவர்களுடைய விசேஷப் படைப்பு. இதனை முதலிற் செய்தவர் யாரென்பதில் அபிப்பிராய பேதம் உண்டு. நாளடைவில் இது விளையாட்டினின்றும் பிரிந்து 'டெமோ' என்னும் தனிக்கலையாயிற்று; களவின் கையொப்பமாகப் பிறந்த அக்கலையைப் பின்லாந்து 2020இலும் ஜெர்மனி 2021இலும் தத்தம் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தன.

ஐரோப்பியச் சமூகம் கணினி நிரல்களின் பதிப்புரிமை பற்றி 1991இல் நெறிமுறை வகுக்கும்வரை பல நாடுகளில் சட்டம் தெளிவற்றிருந்தது. தொலைபேசி வழிக் கணினி அறிவிப்புப் பலகைகளும் பின்னர் இணையமும் அஞ்சலின் இடத்தைப் பிடித்தன. வெளியீட்டுடன் விவரக் கோப்பொன்றை இணைக்கும் வழக்கத்தை 1990இல் 'தி ஹம்பிள் கைஸ்' தொடங்கிற்று என்பர். 2001 டிசம்பரில் அமெரிக்க அரசு பிற நாட்டுக் காவல்துறையினருடன் நடத்திய 'ஆபரேஷன் பக்கனீர்' சோதனை டிரிங்க்ஆர்டை குழுவைச் சிதைத்தது. 2004இன் 'ஃபாஸ்ட்லிங்க்' ஃபேர்லைட் முதலியவற்றைத் தாக்கிற்று.

இக்குழுக்களின் வீழ்ச்சிக்குச் சிறைத்தண்டனையே காரணம் என்பாரும், 2003இல் வந்த ஸ்டீம் போன்ற எளிய விற்பனை முறைகளே காரணம் என்பாரும், 2014இல் வந்த ஆஸ்திரியத் தயாரிப்பான டெனுவோ காப்பே காரணம் என்பாரும் உளர். மூன்றும் தத்தம் பங்கை ஆற்றின எனலாம். டெனுவோவின் கடுமை கண்டு, சீனத்தின் 3டிஎம் குழு 2016இல் தனிநபர் விளையாட்டுகளை ஓராண்டு உடைப்பதில்லை என அறிவித்தது. அவ்வாண்டிலேயே சிபிஒய் குழு டெனுவோவை உடைத்துக் காட்டிற்று. 2014இல் தோன்றிய கோடெக்ஸ், தன் போட்டியாளரான ரீலோடட் குழுவை விஞ்சும் நோக்கம் நிறைவேறிற்று என்று கூறி 2022 பிப்ரவரியில் கலைந்தது.