தம்புள்ளை அணி யாரைத் தெரிவு செய்தது?

லங்கா பிரீமியர் லீக் என்ற எல்.பி.எல் தொடரில் மாத்தளை மாவட்டத்து ஊர் ஒன்றின் பெயரைச் சுமந்து விளையாடும் அணி ஒன்று உண்டு. அது தம்புள்ளை அணி. 2020 முதல் 2024 வரை நடந்த ஐந்து பருவங்களில் அந்த அணிக்கு ஐந்து பெயர்கள் இருந்தன: வைக்கிங், ஜயன்ட்ஸ், ஓரா, தண்டர்ஸ், சிக்ஸர்ஸ். இவற்றில் தண்டர்ஸ் என்ற பெயர் ஒரு பந்துகூட வீசப்படுவதற்கு முன்பே மறைந்து போனது.

நான் மாத்தளைக்காரன். 1977, 1983 வன்முறைகளுக்குப் பிறகு எங்கள் பக்கத்திலிருந்து வவுனியாவுக்கும் கிளிநொச்சிக்கும் போய்க் குடியேறிய குடும்பங்கள் ஏராளம். அங்குள்ள சொந்தக்காரர்கள், வியாஸ்காந்த் ஐ.பி.எல் வரை போன பிறகு, என்னிடம் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறார்கள். "உங்கட ஊர்ப் பெயரிலும் ஒரு டீம் இருக்குதே, அதுக்கு ஆட்களை எப்படி எடுக்கிறாங்கள்? எங்கட பெடியனுக்கு ஏதும் வழியிருக்குமா?" அந்தக் கேள்விக்குத் தெரிந்தவரை பதில் சொல்லவே இதை எழுதுகிறேன்.

முதலில் 'டிராஃப்ட்' என்ற தெரிவு முறையைப் பார்ப்போம். இது அமெரிக்காவில் பிறந்தது. அங்கே அமெரிக்கக் கால்பந்தில் 1936 இலும் பேஸ்போலில் 1965 இலும் இது தொடங்கியது. அதற்கு முன்னர் பணம் படைத்த அணிகள் பாடசாலைகளிலும் பல்கலைக்கழகங்களிலும் விளையாடும் திறமையான பிள்ளைகளைக் கூடிய விலை கொடுத்து அள்ளிக்கொண்டு போயின. அதைத் தடுக்கவே, அணிகள் வரிசையில் நின்று ஒவ்வொருவராகத் தெரிவு செய்யும் முறை வந்தது. கடந்த பருவத்தில் மோசமாக ஆடிய அணிக்கு முதல் வாய்ப்பு. 1965 இல் கன்சாஸ் சிட்டி அத்லெட்டிக்ஸ் அணி முதலாவதாகத் தெரிவு செய்த ரிக் மன்டே ஒரு பல்கலைக்கழக மாணவர். மைக் பியாசா என்பவர் 1988 இல் 62 ஆவது சுற்றில்தான் எடுக்கப்பட்டார். அவருக்கு முன்னால் ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் எடுக்கப்பட்டிருந்தார்கள். கடைசியில் அவர் பேஸ்போலின் புகழ்மண்டபத்தில் இடம்பிடித்தார்.

பேஸ்போல் அணி தெரிவு செய்வது பெரும்பாலும் இன்னும் தொழில்முறையில் ஆடாத பிள்ளைகளை. எடுத்தபின் கீழ்மட்ட லீக்குகளில் பல ஆண்டுகள் சம்பளம் கொடுத்து அவர்களை வளர்க்கிறது. எல்.பி.எல் அப்படியல்ல. அது சுமார் மூன்று வாரத்தில் முடிந்துவிடும் தொடர். மூன்று வாரத்தில் யாரையும் வளர்க்க முடியாது. ஆகவே அணி ஏற்கனவே விளைந்து நிற்பவரைத்தான் தேடும்.

இந்தியாவில் ஐ.பி.எல் தொடங்கிய 2008 இல், பெரிய வீரர்களுக்கு ஏலம் நடந்தாலும், 19 வயதுக்குட்பட்ட வீரர்களுக்கென்று தனியாக ஒரு தெரிவு நடந்தது. டெல்லி அணிக்கு முதல் வாய்ப்புக் கிடைத்தது. அது தன் ஊர்ப் பையன் விராட் கோலியை விட்டுவிட்டு வேகப்பந்து வீச்சாளர் பிரதீப் சங்வானை எடுத்தது. கோலி பெங்களூருக்குப் போனார். தெரிவு செய்பவர்களின் கண் எவ்வளவு தவறும் என்பதற்கு இது போதும்.

இனித் தம்புள்ளையின் கதை. 2020 ஒக்டோபரில் நடந்த முதலாவது தெரிவில் தம்புள்ளைக்கு வந்தவர்களில் தசுன் ஷானக, நிரோஷன் டிக்வெல்ல, உபுல் தரங்க, அஞ்சலோ பெரேரா ஆகியோர் முக்கியமானவர்கள். ஷானக நீர்கொழும்புக்காரர், டிக்வெல்ல கண்டி திரித்துவக் கல்லூரி மாணவர், தரங்க தென்மாகாணத்தவர், பெரேரா கொழும்பில் வளர்ந்தவர். குறையாக இதைச் சொல்லவில்லை. எல்.பி.எல் தெரிவில் வீரர்கள் பெயரைப் பதிவு செய்தார்கள். சம்பள அளவுப்படி பிரிக்கப்பட்டார்கள். ஒவ்வொரு சுற்றிலும் ஒவ்வொரு அணியும் ஒருவரை எடுத்தது. அவர் எந்த மாவட்டத்தில் பிறந்தார் என்று யாரும் கேட்கவில்லை. தம்புள்ளை என்பது சட்டையில் அச்சிடப்படும் பெயர் மட்டுமே. அந்தப் பருவத்தின் ஆட்டங்கள் எல்லாம் அம்பாந்தோட்டையில் நடந்தன. தம்புள்ளை அணி அரையிறுதி வரை வந்து யாழ்ப்பாண அணியிடம் தோற்றது.

2021 இல் உரிமையாளரும் மாறினார், பெயரும் ஜயன்ட்ஸ் ஆனது. ஆட்டங்கள் கொழும்பிலும் அம்பாந்தோட்டையிலும் நடந்தன. மறுபடியும் யாழ்ப்பாண அணியே குறுக்கே நின்றது. 2022 தெரிவு பொருளாதார நெருக்கடி உச்சத்தில் இருந்த நாட்களில் நடந்தது. போட்டி டிசம்பருக்குத் தள்ளிப்போனது. அந்த முறை ஓரா என்ற பெயரில் ஆடிய தம்புள்ளை கடைசி இடத்தில் முடித்தது.

2023 இல் தெரிவு முறையையே கைவிட்டார்கள். ஜூன் மாதம் கொழும்பில் முதற்தடவையாக ஏலம் நடந்தது. ஒவ்வொரு அணிக்கும் 500,000 டொலர் வரம்பு. ஏலத்துக்கு முன்னரே தம்புள்ளை அணி குசல் மெண்டிஸ், அவிஷ்க பெர்னாண்டோ, மத்தியூ வேட், லுங்கி எங்கிடி ஆகியோரை ஒப்பந்தம் செய்துவிட்டது. அன்று அதிக விலைக்குப் போனவர் டில்ஷான் மதுஷங்க. யாழ்ப்பாண அணி அவருக்கு 92,000 டொலர் கொடுத்தது. அதே பருவத்தில்தான் தம்புள்ளை முதற்தடவையாக இறுதியாட்டத்துக்கு வந்தது. ஆகஸ்ட் 20 ஆம் திகதி கண்டி அணியிடம் ஐந்து விக்கெட்டுகளால் தோற்றது.

ஏலம் பெயர் பெற்றவர்களுக்கு நல்லது, பெயர் இல்லாதவர்களுக்குக் கெட்டது என்பது என் அபிப்பிராயம். தெரிவில் கடைசிச் சுற்றுகள் என்று இருக்கும். அணி எப்படியும் யாரோ ஒரு புதியவனின் பெயரைச் சொல்லியாக வேண்டும். ஏலத்தில் காசு முடிந்துவிட்டால், மிச்சப் பெயர்களைக் கூப்பிடாமலேயே மண்டபத்தைப் பூட்டிவிடலாம்.

2024 மே 21 இல் ஏலம் நடந்தது. மறுநாள், ஆட்டநிர்ணயக் குற்றச்சாட்டின் பேரில் தம்புள்ளை தண்டர்ஸ் உரிமையாளர் கட்டுநாயக்க விமான நிலையத்தில் கைது செய்யப்பட்டார். ஒப்பந்தம் ரத்தானது; புதிய உரிமையாளர் வந்து அணிக்குச் சிக்ஸர்ஸ் என்று பெயர் வைத்தார். அந்தப் பருவத்தில்தான், ஐந்தாவது ஆண்டில், தம்புள்ளை மைதானத்தில் எல்.பி.எல் ஆட்டங்கள் முதன்முதலாக நடந்தன. தன் பெயரைச் சொல்லும் அணியைத் தன் ஊரில் பார்க்கத் தம்புள்ளை மக்கள் அவ்வளவு காலம் காத்திருந்தார்கள்.

அந்த மைதானத்தைப் பற்றியும் கொஞ்சம் சொல்லவேண்டும். ரங்கிரி தம்புள்ளை விகாரைக்குச் சொந்தமான சுமார் 60 ஏக்கர் நிலத்தைக் குத்தகைக்கு எடுத்து, 167 நாட்களில் கட்டி முடித்தார்கள். 2001 மார்ச்சில் இங்கிலாந்துடன் முதலாவது ஒருநாள் ஆட்டம் நடந்தது. எங்கள் ஆட்களுக்குத் தம்புள்ளை என்றதும் கிரிக்கெட் மட்டும் நினைவுக்கு வருவதில்லை. 2012 இல் பள்ளிவாசலுக்கு எதிராக நடந்ததும், 2013 இல் பத்திரகாளி அம்மன் கோவில் இடிக்கப்பட்டதும் சேர்ந்தே வரும். மைதானத்திலிருந்து மாத்தளை நகரம் தெற்கே பஸ்ஸில் போகும் தூரம்தான். ரத்தோட்டை, எல்கடுவைப் பக்கத் தோட்டங்கள் அதற்கும் அப்பால் மலையில் இருக்கின்றன.

இப்போது வியாஸ்காந்துக்கு வருவோம். 2020 இல் யாழ்ப்பாண ஸ்டாலியன்ஸ் அணி தன் பட்டியலில் விஜயகாந்த் வியாஸ்காந்த், கனகரட்ணம் கபில்ராஜ், தெய்வேந்திரம் டினோஷன் போன்ற வடக்கு இளைஞர்களைச் சேர்த்தது. எந்த விதியும் அப்படிச் செய்யச் சொல்லவில்லை. அணி தானாக விரும்பிச் செய்தது. யாழ்ப்பாணம் மத்திய கல்லூரி மாணவரான வியாஸ்காந்த், 19 ஆவது பிறந்தநாளுக்கு முதல்நாள், டிசம்பர் 4 இல், களமிறங்கினார். அவரது முதல் விக்கெட் அஞ்சலோ மத்தியூஸ். 2024 மே 8 இல் ஹைதராபாத் அணிக்காக ஐ.பி.எல் ஆட்டமும் ஆடிவிட்டார்.

இதில் யாழ்ப்பாண அணியின் நல்லெண்ணம் பாதிதான். மற்றப் பாதி, அங்கே எடுப்பதற்கு ஆள் இருந்தது என்பது. மத்திய கல்லூரிக்கும் பரியோவான் கல்லூரிக்கும் இடையிலான வடக்கின் பெருஞ்சமர் நூறாண்டு தாண்டியது. போர் அதை இடையிடையே நிறுத்தியதே தவிர அழிக்கவில்லை. கடினப்பந்து, பயிற்றுநர், புள்ளிப்பதிவுப் புத்தகம் எல்லாம் அந்தப் பாடசாலைகளில் ஏதோ ஒரு வடிவில் தப்பிப் பிழைத்தன. ஆகவே தேடி வந்தவர்களின் கையில் கொடுக்க ஒரு பெயர்ப்பட்டியல் இருந்தது.

மாத்தளைத் தோட்டங்களில் இருப்பது மென்பந்து. நான் பார்த்த லயத்துப் பெடியன்கள் தேயிலைச் சரிவுக்கு நடுவில் கிடைத்த சமதரையில் ஆடுகிறார்கள். வேகமாக வீசக்கூடியவர்கள் பலர் உண்டு. ஆனால் காற்சட்டம், கையுறை, தலைக்கவசம், துடுப்பு எல்லாம் வாங்கிக் கடினப்பந்துக்கு மாறுவது வேறு கதை. தோட்டத் தொழிலாளியின் அடிப்படை நாட்சம்பளம் 2024 இல்தான் 1,350 ரூபாவானது. முரளிதரனை எடுத்துக் காட்டுபவர்கள் ஒன்றை மறந்துவிடுகிறார்கள். அவர் மலையகத் தமிழர்தான், ஆனால் குடும்பத்துக்குப் பிஸ்கட் தொழிற்சாலை இருந்தது. கண்டி புனித அந்தோனியார் கல்லூரியில் படித்தார். பிறகு கொழும்பில் தமிழ் யூனியன் கழகம் இருந்தது.

மென்பந்திலிருந்து யாரும் மேலே வந்ததில்லை என்று சொல்லவும் முடியாது. சேலம் மாவட்டம் சின்னப்பம்பட்டி நடராஜன் டென்னிஸ் பந்தில்தான் தொடங்கினார். ஆனால் அவர் நேராக ஐ.பி.எல் ஏலத்துக்குப் போகவில்லை. சென்னையில் கழகம், தமிழ்நாட்டு அணி, பிறகு 2016 இல் தொடங்கிய டி.என்.பி.எல், அதற்குப் பின்பே 2017 இல் பஞ்சாப் அணியின் 3 கோடி ரூபா. இடையில் ஒரு படி இருந்தது. எங்கள் மாவட்டத்தில் இல்லாதது அந்தப் படிதான்.

ஆகவே கேட்ட சொந்தக்காரர்களுக்கு என் பதில் இது. தம்புள்ளை அணியின் பெயரைப் பார்த்து நம்பியிருக்க வேண்டாம். பிள்ளை கடினப்பந்து ஆடும் பாடசாலையில் சேரவேண்டும். 15, 17, 19 வயதுக்குட்பட்ட அணிகளில் அவன் எடுக்கும் ஓட்டமும் விக்கெட்டும் பதிவாக வேண்டும். அதற்குப் பிறகு கழகம் ஒன்று வேண்டும், அது அநேகமாகக் கொழும்பில்தான் கிடைக்கும். அங்கே தங்குமிடச் செலவை யார் தாங்குவது என்பதை முதலே பேசி வைத்துக்கொள்ளுங்கள். பாதியில் திரும்பி வரும் பிள்ளைகளில் பலர் திறமை போதாமல் வருவதில்லை. அறை வாடகை கட்ட முடியாமல் வருகிறார்கள். எல்.பி.எல் இதற்கெல்லாம் பிறகுதான். 2025 நவம்பரில் தொடங்கவிருந்த ஆறாவது பருவம், உலகக்கிண்ணத்துக்கு மைதானங்களைத் தயார்செய்ய வேண்டும் என்று ஒத்திவைக்கப்பட்டது.

மகள் ஆடுகிறாள் என்று கேட்டவர்களும் உண்டு. 2024 ஜூலை 28 இல் மகளிர் ஆசியக் கிண்ண இறுதியாட்டம் இதே தம்புள்ளை மைதானத்தில்தான் நடந்தது. இலங்கை இந்தியாவை எட்டு விக்கெட்டுகளால் வென்றது. ஆனால் பெண்களுக்கு எல்.பி.எல் இன்னும் இல்லை. அவர்களைத் தெரிவு செய்ய அணியும் இல்லை, ஏலமும் இல்லை.