கடலே இல்லாத ஊரில் கடற்படை: கனடாவின் பகுதிநேர மாலுமிகள்

கடலே இல்லாத ஊரில் கடற்படை இருக்க முடியுமா? கனடாவில் இருக்கிறது! கோதுமை வயல்கள் சூழ்ந்த சாஸ்கட்டூன், ரெஜைனா, வினிப்பெக் போன்ற நகரங்களில் கடற்படைப் பிரிவுகள் இயங்கி வருகின்றன. அங்கிருந்து எந்தத் திசையில் போனாலும் துறைமுகத்தைப் பார்க்கப் பல நூறு மைல்கள் பயணம் செய்ய வேண்டும். ஆனாலும் அந்த ஊர்களில் ஆசிரியராகவும் மாணவராகவும் வங்கி ஊழியராகவும் இருப்பவர்கள் வாரத்தில் ஒரு மாலை மாலுமி உடையை அணிந்து பயிற்சிக்கு வருகிறார்கள். இவர்கள்தான் கனடாவின் கடற்படை ரிசர்வ், அதாவது பகுதிநேரக் கடற்படையினர்.

விசித்திரமாகத் தோன்றும் இந்த ஏற்பாடு பணப் பற்றாக்குறையால் பிறந்தது. பிறகு ஒரு உலகப்போரின் போக்கிலேயே முக்கியப் பங்கு வகித்தது.

தொடக்கம்

கனடாவின் கடற்படை 1910-ஆம் ஆண்டு மே மாதம் தோற்றுவிக்கப்பட்டது. பிரிட்டனிடமிருந்து வாங்கிய நியோபி, ரெயின்போ என்ற இரண்டு பழைய க்ரூஸர் கப்பல்கள்தான் அதன் முதல் சொத்து. 1914-இல் தன்னார்வப் படை ஒன்றும் அமைக்கப்பட்டது. முதல் உலகப்போர் முடிந்ததும் அது கலைக்கப்பட்டுவிட்டது.

போருக்குப் பிறகு மக்களுக்குப் படைச்செலவு என்றாலே வெறுப்பு. 1922-இல் மெக்கன்சி கிங் தலைமையிலான அரசு கடற்படைக்கான நிதியை 15 லட்சம் டாலராகக் குறைத்தது. அப்போது கடற்படையின் தலைமைப் பொறுப்பில் இருந்தவர் வால்டர் ஹோஸ். இவர் 1875-இல் இந்தியப் பெருங்கடலில் சென்றுகொண்டிருந்த ஒரு கப்பலிலேயே பிறந்தவர் என்பது சுவையான செய்தி.

ஹோஸ் முன் இரண்டு வழிகள் இருந்தன. கையிலிருக்கும் பணத்தில் சில கப்பல்களை மட்டும் ஓட்டிக்கொண்டு காலம் தள்ளுவது ஒன்று. கப்பல்களைக் குறைத்துவிட்டு ஆட்களை வளர்ப்பது மற்றொன்று. அவர் இரண்டாவதைத் தேர்ந்தெடுத்தார். க்ரூஸரும் நீர்மூழ்கிக் கப்பல்களும் கைவிடப்பட்டன, கடற்படைக் கல்லூரி மூடப்பட்டது. இரண்டு நாசகாரிக் கப்பல்களும் சில சிறு கப்பல்களும் மட்டுமே மிஞ்சின. மிச்சப்பட்ட பணத்தில் 1923 ஜனவரியில் இரண்டு ரிசர்வ் படைகள் உருவாயின. ஒன்று, ஏற்கெனவே கடல்தொழிலில் இருப்பவர்களுக்கானது. மற்றொன்று, கடலையே பார்த்திராத சாதாரணக் குடிமக்களுக்கானது. இந்த இரண்டாவது படையே ராயல் கனடியக் கடற்படைத் தன்னார்வ ரிசர்வ்.

ஏன் உள்நாட்டு நகரங்கள்?

கனடா மிகப் பரந்த நாடு. மக்களில் பெரும்பாலோர் கடற்கரையிலிருந்து வெகு தொலைவில் வாழ்பவர்கள். அவர்களுடைய வரிப்பணத்தில்தான் கடற்படை இயங்க வேண்டும். ஆனால் அவர்கள் கண்ணில் கடற்படை படுவதே இல்லை. கண்ணில் படாத ஒன்றுக்காக யார் குரல் கொடுப்பார்கள்? ஆகவேதான் ஹோஸ் நாடெங்கும் முக்கிய நகரங்களில் தன்னார்வப் பிரிவுகளைத் தொடங்கினார். ஊருக்குள்ளேயே மாலுமிகள் நடமாடினால், கடற்படை "நம்முடையது" என்ற எண்ணம் தானாக வரும் என்பது அவர் கணக்கு.

வாரம் ஒரு மாலை உள்ளூரில் பயிற்சி, கோடையில் இரண்டு வாரம் ஹாலிஃபாக்ஸ் அல்லது எஸ்குவிமால்ட் துறைமுகத்தில் கப்பல் பயிற்சி. இதுதான் நடைமுறை. அதிகாரிகளின் சட்டைக்கைக் கோடுகள் கூட வேறுபட்டிருந்தன. முழுநேர அதிகாரிக்கு நேர்கோடு, தன்னார்வ அதிகாரிக்கு அலை அலையாக வளைந்த கோடு. அதனால் இவர்களை "அலைக் கடற்படை" என்று கேலியாக அழைத்தார்கள். நாளடைவில் அந்தக் கேலிப்பெயரே பெருமைக்குரிய பெயரானது.

1933-இல் மீண்டும் ஒரு சோதனை வந்தது. பொருளாதார மந்தத்தால் அரசு சிக்கனம் பார்த்தபோது, தரைப்படைத் தலைமைத் தளபதி மெக்நாட்டன் கடற்படை நிதியில் 20 லட்சம் டாலரை வெட்டலாம் என்றார். அப்படிச் செய்தால் கடற்படையே இருக்காது! ஹோஸ் கடுமையாகப் போராடி அதைத் தடுத்தார். அடுத்த ஆண்டே அவர் ஓய்வு பெற்றார்.

போர்க்களத்தில் தன்னார்வலர்கள்

1939-இல் இரண்டாம் உலகப்போர் தொடங்கியபோது ரிசர்வ் ஆட்களையும் சேர்த்துக் கனடாவின் கடற்படையில் சுமார் 3,500 பேர்தான் இருந்தனர். போர் முடியும் காலத்தில் அந்த எண்ணிக்கை 90,000-ஐத் தாண்டிவிட்டது. இவர்களில் மிகப் பெரும்பாலோர் தன்னார்வ ரிசர்வைச் சேர்ந்தவர்கள். உள்நாட்டு நகரங்களில் இருந்த பிரிவுகள் ஆள்சேர்ப்பு மையங்களாக மாறின. 1941-இல் அவற்றுக்குக் கப்பல்களைப் போலவே பெயர்கள் சூட்டப்பட்டன. வினிப்பெக்கில் 'சிப்பவா', சாஸ்கட்டூனில் 'யூனிகார்ன்', கால்கரியில் 'டெகம்சே'. செங்கல் கட்டடம்தான், ஆனால் பெயரளவில் போர்க்கப்பல்! 1942-இல் பெண்களுக்கான பிரிவும் தொடங்கப்பட்டு, சுமார் 7,000 பெண்கள் பணியாற்றினர்.

இவர்களுக்குக் கிடைத்த வேலை எளிதானதல்ல. பிரிட்டனுக்கு உணவும் எரிபொருளும் ஆயுதமும் ஏற்றிச் செல்லும் வணிகக் கப்பல்கள் கூட்டமாக அட்லாண்டிக்கைக் கடந்தன. அவற்றை ஜெர்மன் நீர்மூழ்கிகள் வேட்டையாடின. காவலுக்குச் சென்றவை பெரும்பாலும் 'கொர்வெட்' எனப்படும் சிறு கப்பல்கள். அவற்றின் வேகம் மணிக்கு 16 கடல்மைல். நீர்மூழ்கி மேல்மட்டத்தில் வந்தால் அதைவிடச் சற்றே வேகமாக ஓடும்! அலையில் இவை ஆடும் ஆட்டத்தில் அனுபவசாலிகளே வாந்தி எடுப்பார்களாம். சில மாதங்களுக்கு முன்பு வரை வயலிலும் கடையிலும் இருந்த இளைஞர்கள் அதில் வாரக்கணக்கில் நனைந்தபடி நின்றார்கள்.

1942 ஆகஸ்டில் கரீபியன் கடலில் ஓக்வில் என்ற கொர்வெட், யூ-94 என்ற நீர்மூழ்கியை மோதி நிறுத்தியது. தன்னார்வ ரிசர்வைச் சேர்ந்த லெஃப்டினன்ட் ஹால் லாரன்ஸும் ஆர்தர் பவல் என்பவரும் மூழ்கிக்கொண்டிருந்த அந்த நீர்மூழ்கியின் மீதே குதித்து ஏறினர். இருவரும் உயிருடன் திரும்பினர்.

மறுபக்கம்

வீரக்கதைகளை மட்டும் சொன்னால் வரலாறு முழுமை பெறாது. ஒரு கடற்படை சில ஆண்டுகளில் இருபது மடங்குக்கு மேல் பெருத்தால் என்ன ஆகும்? போதிய பயிற்சி இல்லாமலேயே ஆட்கள் கடலுக்கு அனுப்பப்பட்டனர். நவீன ரேடார் போன்ற கருவிகள் கனடியக் கப்பல்களுக்குத் தாமதமாகவே கிடைத்தன. அதன் விலை பயங்கரமானது. 1942 டிசம்பரில் கனடியர் காவலில் சென்ற ஓ.என்.எஸ்.154 என்ற கப்பல் கூட்டத்தில் 14 வணிகக் கப்பல்கள் மூழ்கடிக்கப்பட்டன. இதையடுத்து 1943 தொடக்கத்தில் கனடியக் காவல் குழுக்கள் நடு அட்லாண்டிக்கிலிருந்து தற்காலிகமாக விலக்கப்பட்டு, மறுபயிற்சிக்கு உட்படுத்தப்பட்டன.

தவறு அந்த இளைஞர்களுடையது அல்ல. அமைதிக்காலத்தில் சேமித்த பணத்துக்கான வட்டியைப் போர்க்காலத்தில் அவர்கள் கட்டினார்கள், அவ்வளவுதான். மறுபயிற்சிக்குப் பின் அதே ஆட்கள் திறமையுடன் போரிட்டனர். 1943 மே மாதத்தில் வடமேற்கு அட்லாண்டிக் பகுதியின் பொறுப்பே கனடிய அதிகாரியான ரியர் அட்மிரல் லியனார்ட் மரேயிடம் ஒப்படைக்கப்பட்டது. இந்தப் போரில் கனடியக் கடற்படை இழந்த உயிர்கள் ஏறத்தாழ 2,000.

அவர்களில் ஒருவர் ராபர்ட் ஹாம்ப்டன் கிரே. பிரிட்டிஷ் கொலம்பியாவைச் சேர்ந்த கல்லூரி மாணவர். 1940-இல் தன்னார்வ ரிசர்வில் சேர்ந்து விமானி ஆனார். 1945 ஆகஸ்ட் 9 அன்று ஜப்பானின் ஒனகாவா விரிகுடாவில் தன் விமானம் தீப்பிடித்த நிலையிலும் விலகாமல் ஒரு போர்க்கப்பலைத் தாக்கி மூழ்கடித்துவிட்டு உயிர் நீத்தார். போர் முடிய ஒரு வாரம் கூட இல்லை. அவருக்கு விக்டோரியா கிராஸ் வழங்கப்பட்டது. 1989-இல் ஒனகாவாவில் அவருக்கு நினைவுச்சின்னம் எழுப்பப்பட்டது. அங்கே உயிரிழந்த ஜப்பானிய மாலுமிகளின் ஊரிலேயே, அவர்களைத் தாக்கியவருக்கும் ஒரு நினைவிடம்!

போருக்குப் பின்

1946-இல் இரு ரிசர்வ் படைகளும் ஒன்றாக்கப்பட்டன. நேர்கோடு, வளைகோடு என்ற பேதமும் காலப்போக்கில் மறைந்தது. 1996 முதல் 1999 வரை கட்டிமுடிக்கப்பட்ட 12 கிங்ஸ்டன் ரகக் கரையோரக் காவல் கப்பல்களைப் பெரும்பாலும் ரிசர்வ் மாலுமிகளே இயக்கினர். 2025-இல் இக்கப்பல்கள் ஓய்வு பெறத் தொடங்கின. 1997-இல் மனிடோபாவில் ரெட் ஆறு பெருவெள்ளம் வந்தபோதும் கடற்படை ரிசர்வினர் படகுகளுடன் உதவிக்கு வந்தனர். அப்போது கடல் இல்லாத ஊரில் மாலுமி எதற்கு என்று யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்!

இன்று நாடெங்கும் 24 பிரிவுகள் உள்ளன. தலைமையகம் கியூபெக் நகரில் இருக்கிறது. 2023-இல் நூற்றாண்டு கொண்டாடப்பட்டது.

பகுதிநேரப் படை என்பது முழுநேரப் படைக்கு மலிவான மாற்று அல்ல என்பதை 1942 காட்டியது. ஆனால் அப்படி ஒரு படையே இல்லாமல் இருந்திருந்தால், 1939-இல் எங்கிருந்து தொடங்குவது என்றே கனடாவுக்குத் தெரிந்திருக்காது. கப்பலைச் சில மாதங்களில் கட்டிவிடலாம். அதை ஓட்டும் மனிதரை உருவாக்க அதைவிட அதிக காலம் வேண்டும். கப்பலைக் கைவிட்டு ஆளை வளர்த்த ஹோஸ் புரிந்துகொண்டிருந்தது இதைத்தான்.